கூடத்துக் கேமராவா, வாசல் கேமராவா?

ஊரில் தனியாக வசிக்கும் பெற்றோருக்காகக் கேமரா வைக்க நினைப்பவர்களுக்கு இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, கூடத்தில் வைத்ததும் பதிவுகளை நிறுவனத்தின் சர்வருக்கு அனுப்பத் தொடங்கும் வைஃபை கேமரா. மற்றொன்று, வாசலிலும் கொல்லையிலும் மட்டும் கேமரா பொருத்திப் பதிவுகளை வீட்டிலேயே சேமிக்கும் டிவிஆர் என்ற பதிவுப் பெட்டி. கும்பகோணத்தில் இருக்கும் அம்மாவுக்கு நான் இரண்டாவதைத்தான் வாங்கினேன். முதலாவது என் அக்கா வீட்டில், அவருடைய மாமியாருக்காக ஓடுகிறது.

விலையிலும் வசதியிலும் வைஃபை கேமராவே முந்துகிறது. டிவிஆருக்கு ஒயரிங், ஹார்ட் டிஸ்க், மின்வெட்டுக்கு யுபிஎஸ் என்று செலவு நீளும்.

ஆனால் என் முடிவைத் தீர்மானித்தது, பதிவு யார் கையில் இருக்கிறது என்பதே. அமேசானின் வீட்டுக் கேமரா நிறுவனமான ரிங்கின் ஊழியர்கள் வாடிக்கையாளர்களின் அந்தரங்கப் பதிவுகளைப் பார்க்க முடிந்தது என்று அமெரிக்க வர்த்தக ஆணையம் 2023இல் குற்றம்சாட்டியது. வழக்கு 58 லட்சம் டாலரில் முடிந்தது. 2024 பிப்ரவரியில் வைஸ் என்ற இன்னொரு கேமரா நிறுவனத்தின் கோளாறால் சுமார் 13,000 பேருக்கு அடுத்தவர் வீட்டுக் கேமராப் படங்கள் தெரிந்தன. டிவிஆரும் இணையத்தில் இணைக்கப்பட்டு, கடையில் வந்த பாஸ்வேர்டிலேயே விடப்பட்டால் இதே கதிதான். ஆனால் அந்த இணைப்பைப் பிடுங்கிவிடும் உரிமை நம்மிடம் இருக்கிறது.

வருகிறவர்களின் நிலையையும் பார்க்க வேண்டும். அக்கா வீட்டுக்குப் பூக்கட்ட வரும் பக்கத்து வீட்டு அம்மாள், முன்பு கூடத்தில் காலை நீட்டி உட்கார்ந்து மருமகளைப் பற்றி மனம்விட்டுப் பேசுவார். இப்போது பூவைத் திண்ணையிலேயே கட்டி முடித்துவிட்டுப் போய்விடுகிறார். இந்தியாவின் 2023ஆம் ஆண்டுத் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தனிநபர் தம் வீட்டு உபயோகத்துக்காகக் கையாளும் தரவுகளுக்குப் பொருந்தாது என்பதால், அவருக்கு அதில் புகலிடம் இல்லை. தொலைபேசிப் பேச்சும் மாறிவிட்டது. "சாப்பிட்டீங்களா அத்தை?" என்று கேட்டுக்கொண்டிருந்த அக்கா, இப்போது "மணி இரண்டாகியும் ஏன் சாப்பிடலை?" என்று தொடங்குகிறார். என் அம்மாவோ தேங்காய் விழுந்தது, சிலிண்டர் வந்தது என்று எல்லாவற்றையும் தாமே சொல்கிறார். நான் எதையும் பார்த்திராததால் கேட்க வேண்டியிருக்கிறது.

இரவில் தடுக்கி விழுந்துவிட்டால் வாசல் கேமரா உதவாது என்பது உண்மை. அம்மா திடமாக நடமாடுகிறார், மாற்றுச் சாவி எதிர்வீட்டில் இருக்கிறது என்ற துணிவில்தான் இதைத் தேர்ந்தெடுத்தேன். மறதி நோய் உள்ளவரையோ படுக்கையில் இருப்பவரையோ வைத்துப் பார்த்துக்கொள்பவர்களிடம் இதே யோசனையைச் சொல்லும் அனுபவம் எனக்கு இல்லை.