பெண்ணுக்குப் பதினெட்டு ஆகிவிட்டதா? பள்ளிச் சான்று, பிறப்புச் சான்று, எலும்புப் படம்: எது நிற்கும்?

மகளைக் காணோம் என்று பெற்றோர் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடுகிறார்கள். போலீஸ் பெண்ணைக் கொண்டுவந்து நிறுத்துகிறது. காதலித்தவனோடுதான் போவேன் என்கிறாள். 18 முடிந்திருந்தால் அவள் விருப்பம்தான். பெற்றோர் கையைப் பிசைவதைத் தவிர வழியில்லை. 18 முடியவில்லை என்றால் பெற்றோர் வீடு, அல்லது குழந்தைகள் நலக்குழு வழியாகக் காப்பகம். எல்லாம் ஒரு தேதியில் தொங்குகிறது.

அந்தத் தேதிக்குச் சிறார் நீதிச் சட்டம் 2015, பிரிவு 94 ஒரு வரிசை வைத்திருக்கிறது. முதலில் பள்ளி தரும் பிறந்த தேதிச் சான்று அல்லது பத்தாம் வகுப்புச் சான்றிதழ். அது இல்லையென்றால் மாநகராட்சி, நகராட்சி, ஊராட்சி தரும் பிறப்புச் சான்றிதழ். இரண்டும் இல்லாதபோது மட்டும் மருத்துவப் பரிசோதனை. உத்தரவிட்ட 15 நாளில் முடிக்க வேண்டும்.

பத்தாம் வகுப்புச் சான்றிதழ் கையில் இருந்தால் வாதம் பெரும்பாலும் அங்கேயே அடங்கிவிடும். எட்டாவதோடு படிப்பை நிறுத்திய பெண்ணுக்குத்தான் தலைவலி. வீட்டில் இருப்பது டி.சி. மட்டும். ஒரு போக்சோ (18 வயதுக்குட்பட்டவர்களைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் சட்டம்) வழக்கில் 2023 ஜூலையில் உச்ச நீதிமன்றம், மாற்றுச் சான்றிதழும் சேர்க்கைப் பதிவேட்டின் நகலும் பிரிவு 94 கேட்கும் ஆவணங்கள் அல்ல என்று சொல்லிவிட்டது. சரிதான். அந்தப் பதிவேட்டில் இருப்பது சேர்க்கை நாளில் யாரோ வாயால் சொன்ன தேதி. ஐந்து வயது நிறைய வேண்டுமே என்று ஜூனுக்கு முன் ஏதோ ஒரு தேதியைப் போட்டுவிடுவது ஊரறிந்த சங்கதி. தேதியைச் சொன்னது யார், எதை வைத்துச் சொன்னார் என்பதற்குச் சாட்சி வேண்டும் என்று 1988லேயே உச்ச நீதிமன்றம் கேட்டிருக்கிறது.

என்னைக் கேட்டால், காலத்தோடு பதிவான பிறப்புச் சான்றிதழ்தான் எல்லாவற்றிலும் கெட்டி. சட்டம் அதை இரண்டாவதாக வைத்திருக்கிறது என்பது வேறு விஷயம். பிறப்பை 21 நாளுக்குள் தெரிவிக்க வேண்டும். அன்றைக்கு இந்தச் சண்டையைப் பற்றி யாருக்கும் தெரிந்திருக்காது. சான்றிதழில் பிறந்த தேதியைப் பார்த்ததும் கண்ணை எடுத்துவிடாதீர்கள், பதிவு செய்த தேதியையும் பாருங்கள். ஓராண்டு தாண்டிய பதிவுக்கு மாஜிஸ்திரேட் உத்தரவு வேண்டும். மனு போட்ட பிறகு வாங்கிய பதிவு என்றால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அதைப் பிரித்து மேய்ந்துவிடுவார். இன்னொரு சிக்கல்: பெயர்க் கட்டம் காலியாக இருக்கும் சான்றிதழ்கள். அந்தப் பெற்றோருக்கு அன்று பெண் பிறந்தது உறுதி; இவள்தானா, அக்காவா, தங்கையா?

2023 அக்டோபர் 1 முதல் பிறந்தவர்களுக்குப் பிறந்த தேதிக்கான ஆதாரம் பிறப்புச் சான்றிதழ்தான் என்று பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டம் மாறியிருக்கிறது. ஆனால் அந்தக் குழந்தைகளுக்கு 18 ஆவது 2041இல்தான். அதுவரை இந்தப் பழைய இழுபறி தொடரும்.

ஆதாரை நீட்டுபவர்கள் நிறையப் பேர். அது ஆளை அடையாளம் காட்டும், அவ்வளவுதான். பிறந்த தேதிக்குச் சான்று ஆகாது என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றமும் சொல்லியாயிற்று.

கடைசியாக எலும்பு. அறிவியல் என்பதால் இதுதான் துல்லியம் என்று பலர் நம்புகிறார்கள். மணிக்கட்டு, முழங்கை, தோள், இடுப்பு என்று எக்ஸ்ரே எடுத்து, எலும்பு முனைகள் எந்த அளவு ஒட்டியிருக்கின்றன என்று பார்ப்பார்கள். கடைவாய்ப் பற்களையும் பார்ப்பதுண்டு. கிடைப்பது தேதி அல்ல, ஒரு வரம்பு. முன்னும் பின்னும் இரண்டு வருடம் பிசகலாம் என்று 1982இல் உச்ச நீதிமன்றமே ஏற்றுக்கொண்டது. டாக்டர் 18 என்று எழுதினால் அது 16ஆகவும் இருக்கலாம், 20ஆகவும் இருக்கலாம். 13 வயதுப் பெண்ணை 19 என்று காட்டும் பொய்யை உடைக்க இது உதவும். பதினேழரையா பதினெட்டரையா என்ற கேள்விக்கு இதை நம்பிப் போகாதீர்கள். கையில் நல்ல ஆவணம் இருக்கும்போது "டெஸ்ட் எடுக்கலாம்" என்று எதிர்த்தரப்பு கேட்டால், பிரிவு 94ஐக் காட்டி மறுக்கச் சொல்லுங்கள்.

அப்புறம், எந்த நாளின் வயது என்பதையும் கவனிக்க வேண்டும். பெண் யாரோடு போவது என்பதற்கு அவள் நீதிமன்றத்தில் நிற்கும் நாளின் வயது. பதினேழே முக்கால் என்றால் மூன்று மாதத்தில் அந்தப் பிரச்சினை தானாகவே தீர்ந்துவிடும். பையன் மேல் போக்சோ வழக்கு இருந்தால் அது தீராது. அங்கே பார்ப்பது சம்பவம் நடந்த நாளின் வயதை.