பாம்புக்கு உயிருள்ள எலியா, உறைந்த எலியா? கோழிக்குஞ்சு, காடை, கறி வரை ஓர் அலசல்

எங்கள் வீட்டில் இரண்டு பாம்புகள் இருக்கின்றன. ஒன்று பால் பைதான் (ball python, ஆப்பிரிக்க மலைப்பாம்பு வகை), ஆறு வயதுப் பெண், போன வாரம் எடை போட்டபோது 1,640 கிராம். பயந்தால் பந்து மாதிரி சுருண்டுகொள்ளும் என்பதால் வந்த பெயர் அது, குடிக்கிற பாலுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. இன்னொன்று கார்ன் ஸ்னேக் (corn snake, விஷமில்லாத அமெரிக்கப் பாம்பு), மூன்று வயது ஆண், 400 கிராம் பக்கம். நாங்கள் இருப்பது டொராண்டோவில், இங்கே இவை இரண்டையும் வீட்டில் வளர்க்கலாம். ஊரில் இருந்து படிக்கிறவர்களுக்கு ஒன்று: சாரை, மண்ணுளி, நம் மலைப்பாம்பு என்று நம் நாட்டுப் பாம்பு எதையும் வீட்டில் வைத்திருப்பது 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். பால் பைதான் போன்ற வெளிநாட்டு இனங்களுக்கும் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகத்தின் பரிவேஷ் இணையதளத்தில் பதிவு வேண்டும்.

சரி, சாப்பாட்டுக்கு வருவோம். பாம்பு வளர்ப்பவர்களிடையே தீராத சண்டை என்றால் உயிருள்ள எலியா உறைந்த எலியா என்பதுதான். நான் இரண்டையும் கொடுத்துப் பார்த்தவன். இன்று என் வீட்டுக்குள் உயிருள்ள எலி வராது.

உயிருள்ளது வேண்டும் என்பவர்கள் சொல்வது இதுதான்: காட்டில் அப்படித்தானே சாப்பிடுகிறது, வேட்டையாடுவது அதன் இயல்பு, உறைந்ததைத் தொடாத பாம்புக்கு வேறு வழி என்ன? மூன்றாவது காரணத்தில் மட்டும் கொஞ்சம் உண்மை இருக்கிறது. முதல் காரணத்தில் ஒரு விஷயத்தை மறந்துவிடுகிறார்கள். காட்டில் எலிக்கு ஓட இடம் இருக்கிறது. கண்ணாடித் தொட்டியில் மாட்டிய எலி ஓட முடியாது, அதனால் கடிக்கும். பசியில்லாத பாம்பு எலி கடித்தாலும் திருப்பித் தாக்காமல் சுருண்டு படுத்துக்கொள்ளும் என்பது பலருக்குத் தெரியாது. எனக்கும் அப்போது தெரியாது.

எங்கள் பைதானுக்கு ஒன்றரை வயது இருக்கும்போது இரண்டு வாரம் தொடர்ந்து சாப்பிடவில்லை. வாங்கிய கடையில் கேட்டேன், உயிருள்ள எலி ஒன்றை ராத்திரி உள்ளே விட்டுவிடுங்கள், காலையில் இருக்காது என்றார்கள். விட்டுவிட்டுப் படுத்தேன். காலையில் எலி அப்படியே இருந்தது. பைதானின் முதுகில் மூன்று இடத்தில் செதில் பிய்ந்து, சுண்டுவிரல் நகம் அளவுக்குச் சதை சிவப்பாகத் தெரிந்தது. அது அசையவே இல்லை, நாக்கை மட்டும் நீட்டிக்கொண்டிருந்தது. டாக்டர் கொடுத்த களிம்பைத் தினம் போட்டு, தரையில் மரத்தூளுக்குப் பதில் வெறும் பேப்பர் டவல் விரித்து வைத்திருந்தோம். மூன்று முறை தோல் உரித்த பிறகுதான் புண் மூடியது. இன்றும் அந்த இடத்தில் விரலை வைத்தால் செதில்கள் கோணல்மாணலாகத் தட்டுப்படும். அந்த எலியும்தான் என்ன பாடுபட்டிருக்கும், ஒரு ராத்திரி முழுக்க பாம்போடு அடைபட்டு.

உறைந்த எலியில் இந்த ஆபத்து எதுவுமே கிடையாது. மொத்தமாக வாங்கி வைக்கலாம், எடைவாரியாகப் பிரித்தே விற்கிறார்கள், உறைய வைப்பதில் பல ஒட்டுண்ணிகள் செத்துவிடும். ஆனால் சால்மோனெல்லா கிருமி சாகாது, இதை அழுத்திச் சொல்கிறேன். பிரிட்டன், அமெரிக்கா, கனடா மூன்று நாட்டிலும் தீவன எலி வழியாக மனிதர்களுக்குச் சால்மோனெல்லா தொற்று வந்திருக்கிறது. குழந்தைகள் இருக்கிற வீடு என்றால் இன்னும் கவனம் வேண்டும். என் அம்மா முதல் நாளே, "சோத்துக்கு வைக்கிற ஃப்ரிட்ஜ்ல இதை வைக்காதப்பா" என்றார். அருவருப்பில் சொல்கிறார் என்று நினைத்தேன், ஆனால் சுகாதாரப்படியும் அவர் சொன்னதுதான் சரி. எலிக்கென்றே சின்ன ஃப்ரீசர் ஒன்று வாங்கினோம். அதற்கான டப்பா, இடுக்கி எதுவும் சமையலறைப் பக்கம் போவதில்லை.

உறைந்ததைத் தொடவே மாட்டேன் என்கிறது என்று சொல்பவர்கள் பெரும்பாலும் சூடாக்குவதில்தான் தப்பு செய்கிறார்கள். முந்தின நாள் ராத்திரியே எலியை ஜிப் பையில் போட்டு, அந்தச் சின்ன ஃப்ரீசரோடு ஒட்டிய குளிர்தட்டில் வைத்துவிடுவேன். மறுநாள் சாயங்காலம் பையோடு குழாய்ச் சுடுதண்ணீரில் அரை மணி நேரம், நடுவில் ஒரு தடவை தண்ணீரை மாற்றி. பிறகு வயிற்றை விரலால் அழுத்திப் பார்ப்பேன். உள்ளே கட்டி தட்டினால் இன்னும் இளகவில்லை என்று அர்த்தம். மைக்ரோவேவில் மட்டும் வைத்துவிடாதீர்கள், ஓரிடம் வெந்து ஓரிடம் பனியாக இருக்கும், வயிறு வெடித்தும் போகும்.

பால் பைதானுக்கு இன்னொரு வேலை பாக்கி இருக்கிறது. அதன் மேலுதட்டு ஓரமாகக் குழிகள் உண்டு, அவற்றால் அது வெப்பத்தை உணர்கிறது, எலியின் உடல்சூடு அதற்குக் கிட்டத்தட்ட ஒரு காட்சி மாதிரி. அதனால் ஹேர் டிரையரை எலியின் தலைப்பக்கம் ஒரு நிமிடம் காட்டிவிட்டு, நீளமான இடுக்கியால் இடுப்பில் பிடித்து மெதுவாக நகர்த்துவேன். தலை சூடாக இருந்தால் தலையைக் கவ்வும், அப்படிக் கவ்வினால் விழுங்குவதும் சுலபம். கார்ன் ஸ்னேக்குக்கு இந்தக் குழிகள் கிடையாது. வெதுவெதுப்பாக இருந்தாலே போதும், வாசனையை வைத்தே வந்து எடுத்துக்கொள்ளும். எங்களுடையது கவனிக்காமல் விட்டால் இடுக்கியையும் சேர்த்துக் கவ்வும்.

இரண்டுக்கும் நடுவில் மூன்றாவது வழி ஒன்று உண்டு, அப்போதுதான் கொன்ற எலி. சூடு, வாசனை எல்லாம் உயிருள்ளது மாதிரியே இருக்கும், கடிக்காது. பிடிவாதமான பைதானை உறைந்ததற்குப் பழக்க இது நல்ல பாலம். ஆனால் வலியில்லாமல் கொல்லத் தெரிய வேண்டும், கரியமில வாயுவை முறையாகப் பயன்படுத்தக் கற்றவர்களுக்குத்தான் அது சரிப்படும். உயிரோடு ஃப்ரீசரில் போடுவது கொடுமை, யாரும் செய்யக் கூடாது. என்னால் முடியாது என்பதால் நான் இந்த வழிக்குப் போகவில்லை.

அடுத்தது சுண்டெலியா, அதைவிடப் பெரிய எலி இனமான ரேட்டா (rat)? கார்ன் ஸ்னேக்குக்குச் சுண்டெலி போதும். முட்டையிலிருந்து வந்த குட்டிக்கு இரண்டு மூன்று கிராம் பிங்கி, அதாவது ரோமம் முளைக்காத எலிக்குட்டி, ஐந்தாறு நாளுக்கு ஒன்று. வளர்ந்ததற்கு 25, 30 கிராம் சுண்டெலி, பன்னிரண்டு பதினான்கு நாளுக்கு ஒன்று. பிங்கிகளில் எலும்பு முற்றியிருக்காது, கால்சியம் குறைவு, அதனால் வளர்ந்த பாம்புக்கு நாலு பிங்கியைக் கொடுப்பதைவிட ஒரு முழு எலி நல்லது.

பைதான் விஷயத்தில் ரேட்டுதான் என் கட்சி. சுண்டெலியிலேயே வளர்ந்த பைதான் பெரிதான பிறகு ஒரு வேளைக்கு மூன்று நான்கு கேட்கும், ரேட்டைக் காட்டினால் முகத்தைத் திருப்பிக்கொள்ளும். அந்தப் பழக்கத்தை மாற்ற எனக்குத் தெரிந்த ஒருவர் மாதக்கணக்கில் போராடினார், கடைசியில் ரேட்டின் மேல் சுண்டெலியின் படுக்கைத் தூளைத் தடவிக் காட்டித்தான் சாப்பிட வைத்தார். குட்டியிலேயே ரேட்டுக் குட்டிக்குப் பழக்கிவிட்டால் இந்தத் தொல்லை இல்லை. பெரிய ரேட் வேண்டாம், கொழுப்பு அதிகம். 1,640 கிராம் இருக்கும் எங்கள் பைதானுக்கே 80 கிராம் ரேட்தான், மூன்று வாரத்துக்கு ஒன்று. குட்டிப் பருவத்தில் உடல் எடையில் பத்து முதல் பதினைந்து சதவீதம் வரை வாரம் ஒருமுறை, வளர்ந்த பிறகு ஐந்து சதவீதம் போதும், இடைவெளியும் கூட வேண்டும். தராசு இல்லையென்றால் பாம்பின் உடம்பில் மிகப் பருமனான இடத்தைப் பார்த்து, எலி அதைத் தாண்டாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஒருநாள் கோழிக்குஞ்சு மலிவு. பைதான்கள் காட்டிலும் பறவை தின்பவைதான், அதிலும் சின்னவை நிறையத் தின்னும். ஆனால் குஞ்சின் எலும்பு முற்றாதது, கழிவும் தண்ணீராக, சகிக்க முடியாத நாற்றத்தோடு வரும். எப்போதாவது கொடுக்கலாம். காடை அதைவிட மேல், மாதம் இரண்டு மாதத்துக்கு ஒருமுறை மாற்றத்துக்காகக் கொடுக்கிறேன், பைதான் விரும்பித்தான் சாப்பிடுகிறது.

வெறும் கோழிக்கறி? வேண்டவே வேண்டாம். 100 கிராம் நெஞ்சுக்கறியில் கால்சியம் பத்து மில்லிகிராம் அளவில்தான் இருக்கும், பாஸ்பரஸோ 200 மில்லிகிராம் பக்கம். இதையே மாதக்கணக்கில் தின்னும் பாம்புக்கு எலும்பு கெட்டுப்போகும். முழு எலியில் எலும்பு, ஈரல், குடல், ரோமம் எல்லாம் சேர்ந்து வருவதால்தான் தனியாகச் சத்துப்பொடி தேவைப்படுவதில்லை. முட்டை என்றால், அதை மட்டுமே தின்று வாழும் ஆப்பிரிக்க முட்டைத் தின்னிப் பாம்பு உண்டு, கழுத்துக்குள் இருக்கும் முள்ளெலும்பு முனைகளால் ஓட்டை உடைத்து உள்ளிருப்பதை விழுங்கிவிட்டு ஓட்டைத் துப்பிவிடும். நம் வீட்டுப் பைதானால் அது முடியாது. பால் பற்றி ஊரில் எல்லாரும் கேட்கிறார்கள். புற்றுக்குப் பால் ஊற்றி வளர்ந்தவன்தான் நானும், ஆனால் பாம்புக்குப் பால் செரிக்காது. நாள்கணக்கில் தண்ணீர் காட்டாமல் தவிக்கவிட்ட பாம்புதான் பாலில் வாய் வைக்கும். சுத்தமான தண்ணீர்க் கிண்ணம் எப்போதும் உள்ளே இருந்தால் போதும். வீட்டில் பொறியில் மாட்டிய எலியையும் கொடுக்காதீர்கள், அது எங்கே விஷம் தின்றிருக்கிறதோ, அந்த விஷம் பாம்புக்கும் போகும்.

எதைக் கொடுத்தாலும் தொட்டியின் ஒரு பக்கமாவது 31, 32 டிகிரி சூடு இருக்க வேண்டும், இல்லையென்றால் செரிக்காமல் கக்கிவிடும். சாப்பிட்ட பிறகு இரண்டு நாள் கையில் எடுக்கக் கூடாது. தனிப் பெட்டிக்கு மாற்றிச் சாப்பாடு போடும் பழக்கத்தையும் நான் விட்டுவிட்டேன், வயிறு நிறைந்த பாம்பைத் தூக்குவது தேவையில்லாத அலைக்கழிப்பு. ஒருவேளை கக்கிவிட்டால் பத்துப் பதினான்கு நாள் சும்மா விட்டுவிட்டு, அப்புறம் பாதி அளவில் ஆரம்பியுங்கள்.

பட்டினி கிடக்கும் பைதானைப் பார்த்துப் பதறித்தான் நான் அன்று உயிருள்ள எலியை வாங்கினேன். குளிர்காலத்தில் அது மாதக்கணக்கில் சாப்பிடாமல் இருப்பது சாதாரணம் என்று பிறகுதான் தெரிந்தது. போன நவம்பரில் ஆரம்பித்து பிப்ரவரி வரை எதையும் தொடவில்லை, வாரம் ஒருமுறை தராசில் வைத்து நோட்டில் குறித்துக்கொண்டே வந்தேன், மொத்தத்தில் 45 கிராம்தான் குறைந்திருந்தது. பத்து சதவீதத்துக்கு மேல் இறங்கினாலோ மூச்சில் சத்தம் கேட்டாலோ டாக்டரிடம் போயிருப்பேன். மார்ச் முதல் வாரம் வழக்கம் போல ஹேர் டிரையரில் தலையைச் சூடாக்கி நீட்டினேன், இடுக்கி உள்ளே போன வேகத்திலேயே கவ்விக்கொண்டது.