படகு வீடு பேக்கேஜுக்கு மதுரையிலேயே முழுப் பணம் கட்டாதீர்கள்

ஆலப்புழை படகு வீட்டுக்கு மதுரையில் இருந்தே பேக்கேஜ் போட நினைக்கிறவர்கள், பணம் அனுப்புவதற்கு முன்னால் இதைப் படித்துவிடுங்கள். எங்கள் வீட்டில் ஒன்பது பேர், தலைக்கு 4,500 ரூபாய் என்று மொத்தம் 40,500 ரூபாய் கட்டினோம். வேன் வாடகை தனி. சொன்ன படகும் கிடைக்கவில்லை, சொன்ன நேரமும் கிடைக்கவில்லை. புகார் நடந்துகொண்டிருப்பதால் அந்த டிராவல்ஸின் பெயரை இங்கே போடவில்லை. ஏமாற்றிய விதத்தை மட்டும் ஒன்றுவிடாமல் எழுதுகிறேன். எங்களுக்குக் காட்டிய அதே படகுப் படங்களைக் காட்டி இன்னும் பல பேருக்கு விற்றிருக்கிறார்கள் என்பது அங்கே போன பிறகுதான் தெரிந்தது.

இந்தப் பயணமே அப்பாவுக்காகப் போட்டது. அவர் கீழமாசி வீதியில் ஓர் அரிசி மண்டியில் கணக்கு எழுதியவர். ஆலப்புழைப் பக்கத்துக் குட்டநாட்டில் விளைந்த நெல்லைக் கொச்சி வரைக்கும் ஏற்றிக்கொண்டு போன கெட்டுவள்ளங்களைப் பற்றி, மண்டிக்கு வரும் மலையாள வியாபாரிகள் சொல்லக் கேட்டிருக்கிறார். ஆணியே அடிக்காமல், அயினிப்பலாப் பலகைகளைத் தேங்காய் நார்க் கயிற்றால் தைத்து, முந்திரிக்கொட்டைத் தோட்டில் எடுத்த எண்ணெயைப் பூசிக் கட்டிய படகுகள். பெரிய வள்ளம் என்றால் 30 டன் வரைக்கும் ஏற்றுமாம். ரோடும் பாலமும் லாரியும் வந்த பிறகு அவற்றுக்கு வேலை இல்லாமல் போனது. அப்புறம்தான் அவற்றின் மேல் மூங்கிலும் பாயும் வைத்துக் கூரை போட்டு, அறை கட்டி, சுற்றுலா வருகிறவர்களை ஏற்ற ஆரம்பித்தார்கள். நாம் இன்றைக்குப் பார்க்கும் படகு வீடு அப்படி வந்ததுதான். "ஒரு தடவையாவது அந்த வள்ளத்துல ஏறி உக்காந்து பாக்கணும்மா" என்று அப்பா சொல்லாத வருஷம் கிடையாது.

ரயில்வே ஸ்டேஷன் பக்கத்தில் இருக்கும் அந்த ஆபீஸில் போய் இதைத்தான் சொன்னேன். பழைய படகாக வேண்டும், அப்பா பார்க்க ஆசைப்படுகிறார் என்று. சொல்லி முடிப்பதற்குள் அந்தத் தம்பி போனில் ஓர் ஆல்பத்தைத் திறந்துவிட்டார். "அக்கா, உங்களுக்குன்னே ஒரு போட் இருக்கு. நூறு வருஷத்துப் பழைய நெல்லுப் படகு. நம்ம ஓனரோட சொந்த போட்டு. அப்பாவ கூட்டிட்டுப் போங்க, கண்கலங்கிருவாரு." படங்கள் அருமையாகத்தான் இருந்தன. கறுத்த பலகை, தைத்த கயிறு வரிசையாகத் தெரிகிறது, முகப்பு வளைந்து உயர்ந்து நிற்கிறது. முழுப் படகும் உங்களுக்கே, நாலு ரூம், காலை 11 மணிக்கு ஏறினால் மறுநாள் 9 மணிக்குத்தான் இறங்குவீர்கள், ஐந்து மணி நேரம் ஓட்டுவார்கள், ஏசி எப்போதும் ஓடும், மதியம் ஆளுக்கொரு கரிமீன். எல்லாமே வாய்ப்பேச்சு. கையில் கொடுத்த ரசீதில் "ஆலப்புழை ஹவுஸ்போட், 9 பேர், ஃபுல் பேமெண்ட்" என்பதற்கு மேல் ஒன்றும் இல்லை. படகின் பெயர் இல்லை, நம்பர் இல்லை, ஏறும் நேரம் இல்லை. பணமும் கம்பெனிக் கணக்குக்குப் போகவில்லை. "கம்பெனி அக்கவுண்டுன்னா ஜிஎஸ்டி சேரும்க்கா, இந்த நம்பருக்கு ஜிபே பண்ணிருங்க" என்று ஒரு தனி ஆளின் நம்பரைக் கொடுத்தார்.

அழகர் மலைக்குத் திரும்பிய வாரம் கிளம்பினோம். இரவு வேன் ஏறி, குமுளி, குட்டிக்கானம், முண்டக்கயம், கோட்டயம் வழியாகப் போய், சொன்ன நேரத்துக்கு முன்பே ஆலப்புழையின் புன்னமடைப் படகுத்துறையில் நின்றோம். போன் போட்டால் "இப்ப வந்துருவாங்க அக்கா" என்றார் மதுரைத் தம்பி. பிறகு போனை எடுக்கவே இல்லை. வெயில் மண்டையைப் பிளக்கிறது, அம்மாவுக்கும் அத்தைக்கும் சர்க்கரை இருக்கிறது, உட்கார நிழல் இல்லை. மதியத்துக்கு மேல் ஒருவர் பைக்கில் வந்து, "உங்க போட் சர்வீஸுக்குப் போயிருக்கு, அதே மாதிரி வேற போட் தர்றோம்" என்று சொல்லிவிட்டு முன்னால் போனார். ஏறும்போது மணி இரண்டு. உள்ளே கோயம்புத்தூர்க் குடும்பம் ஒன்று ஏற்கெனவே இரண்டு அறைகளில் இருந்தது. அவர்களுக்கும் முழுப் படகு என்று சொல்லித்தான் விற்றிருக்கிறார்கள். அவர்கள் போனில் இருந்த ஆல்பமும் எங்கள் ஆல்பமும் ஒன்றே.

படகில் ஏறியதும் அப்பா நேராகப் பக்கவாட்டுக்குப் போய்க் குனிந்து தடவிப் பார்த்தார். வெளியே மூங்கில் பாய், அதன்மேல் கயிற்று முடிச்சுகள். ஓரிடத்தில் பாய் விலகியிருந்தது. அதற்குள் பெருவிரலை விட்டு நெம்பினார். உள்ளே வழவழவென்று ஃபைபர். விளிம்பை ஒட்டித் துருப்பிடித்த போல்ட் தலைகள் வரிசையாக இருந்தன. முடிச்சு எதுவும் எந்தப் பலகையையும் பிடித்திருக்கவில்லை, எல்லாம் பாய்மேல் அழகுக்குக் கட்டியது. சமையல்காரர் பீர்மேட்டுக்காரர், நன்றாகத் தமிழ் பேசினார். "ஐயா, இது பழைய வள்ளம் இல்ல. டூரிஸ்டுக்குன்னே கட்டுனது, ஆறேழு வருஷம்தான் இருக்கும்" என்று உண்மையைச் சொல்லிவிட்டார். அப்பா சரி என்று தலையாட்டிவிட்டு முன்பக்க நாற்காலியில் போய் உட்கார்ந்தார். அன்றைக்குப் படகைப் பற்றி அப்புறம் ஒரு வார்த்தையும் பேசவில்லை. எனக்குப் பணம் போனதைவிட அதுதான் வலித்தது.

படகு வீட்டைப் புதிதாகக் கட்டுவதில் தப்பே இல்லை. ஆலப்புழையில் ஓடுகிறவற்றில் பாதிக்கு மேல் சுற்றுலாவுக்கென்றே கட்டியவைதான் என்று அந்தச் சமையல்காரரே சொன்னார். அதை அப்படியே சொல்லி விற்கிற முதலாளிகளும் இருக்கிறார்கள். வயதான மனிதருடைய ஆசையைக் கேட்டுக்கொண்டு, அந்த ஆசைக்கு ஏற்ற பொய்யைச் சொல்லி விற்றதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

நேரத்தில் நடந்த திருட்டையும் சொல்ல வேண்டும், இது பலருக்கும் தெரிவதில்லை. சாயங்காலம் 5.30 மணிக்கு மேல் அங்கே படகு வீடுகள் ஓடுவதில்லை, கரையில் கட்டிவிட வேண்டும். மீனவர்கள் வலை விரிக்கும் நேரம் அது. நியாயமான ஏற்பாடுதான். ஆனால் அதனால், நீங்கள் எத்தனை மணிக்கு ஏறுகிறீர்கள் என்பதில்தான் மொத்தப் பயணமும் இருக்கிறது. பகல் 12 மணிக்குள் ஏறினால் கைநகரி, நெடுமுடி என்று கால்வாய்க்குள் சுற்றி, வேம்பநாட்டு ஏரியையும் பார்த்துவிட்டு வரலாம். இரண்டு மணிக்கு ஏறி, சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் கரையில் கட்டினால் மிச்சம் என்ன இருக்கும்? இந்த விஷயம் அந்த டிராவல்ஸுக்குத் தெரியாமல் இருக்க வாய்ப்பே இல்லை. வெளிச்சம் இருக்கும்போதே எங்கள் படகை வேறு படகுகளின் வரிசையில் கட்டிவிட்டார்கள். பக்கத்துப் படகின் ஜெனரேட்டர் புகை முழுவதும் எங்கள் அறைக்குள். ஏசி இரவு 9 மணிக்குத்தான் வந்தது, காலை 6 மணிக்கு நின்றது. குறைந்த வாடகைப் படகுகளில் இது வழக்கம்தானாம். அப்படியென்றால் மதுரையில் வேறு மாதிரி ஏன் சொன்னார்கள்?

சாப்பாட்டில் கரிமீனைக் கண்ணில் காட்டினார்கள், அவ்வளவுதான். கோபத்தில் படகு ஓட்டிய ஸ்ராங்கிடம் கேட்டுவிட்டேன். அவர் கையை விரித்தார். "சேச்சி, உங்க கூட்டத்துக்குன்னு எங்க கைக்கு வந்தது 15,000. அதுல டீசல், சாப்பாடு, எங்க மூணு பேர் கூலி எல்லாம் இருக்கு." மதுரையில் ஒருவர், குமுளியில் ஒருவர், படகுத்துறையில் பைக்கில் வந்தவர் என்று கைமாறிக் கைமாறி, நாங்கள் கட்டியதில் பாதிகூடப் படகுக்குப் போய்ச் சேரவில்லை. சொந்தப் படகு என்று சொன்ன ஆபீஸுக்கும் அந்தப் படகுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. எங்கள் திட்டை எல்லாம் வாங்கிக்கொண்டது மூன்று கூலிக்காரர்கள்.

இதைவிடப் பெரிய விஷயம் ஒன்று. லைஃப் ஜாக்கெட் எங்கே என்று என் வீட்டுக்காரர் கேட்டார். மேல்தளத்தில் ஒரு பெட்டியைக் காட்டினார்கள். பூட்டு. சாவி கரையில் இருக்கிறது என்றார்கள். எங்களோடு இரண்டு குழந்தைகள் இருந்தார்கள். 2009 செப்டம்பர் 30ஆம் தேதி தேக்கடியில் படகு கவிழ்ந்து 45 பேர் இறந்ததை நம் பக்கத்து ஆட்கள் மறந்திருக்க மாட்டோம், வைகைக்கு வரும் தண்ணீரே அந்த ஏரித் தண்ணீர்தானே. 2023 மே மாதம் கேரளாவின் தானூரில் படகு கவிழ்ந்து 22 பேர் போனார்கள், அதில் எத்தனை குழந்தைகள்! மீன்பிடிப் படகை மாற்றிச் சுற்றுலாப் படகாக்கி, அளவுக்கு மேல் ஆள் ஏற்றி, இருட்டும் நேரத்தில் ஓட்டியிருக்கிறார்கள். இரண்டு குடும்பங்களை ஒரே படகில் திணித்துவிட்டு ஜாக்கெட் பெட்டியைப் பூட்டி வைப்பதை ஏதோ சேவைக்குறை என்று விட முடியாது. என் வீட்டுக்காரர் விடவே இல்லை. சத்தம் போட்டு, சாவியை வரவழைத்து, குழந்தைகளுக்குப் போட்டுவிட்ட பிறகுதான் அவர் உட்கார்ந்தார்.

மறுநாள் 9 மணி என்று சொன்னதற்கு 8 மணிக்கே இறக்கிவிட்டார்கள். அப்பாவை அப்படியே வேனில் ஏற்ற மனசு வரவில்லை. ஆலப்புழைப் படகுத்துறையில் கேரள நீர்ப் போக்குவரத்துத் துறையின் பயணிகள் படகு ஓடுகிறது. ஊர்க்காரர்கள் பஸ் மாதிரி ஏறி இறங்கும் படகு, டிக்கெட்டும் கிட்டத்தட்ட பஸ் டிக்கெட் விலைதான். அதில் நெடுமுடி வரைக்கும் போய் வந்தோம். கடல் மட்டத்துக்குக் கீழே வயல், அதைச் சுற்றி வரப்பு, வரப்புக்கு இந்தப் பக்கம் வயலைவிட உயரத்தில் இருக்கும் தண்ணீரில் நம் படகு போகிறது. அறுவடை முடியும் சமயம். ஒரு வரப்போரம் நாட்டு வள்ளத்தில் நெல் மூட்டை ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அப்பா எழுந்து நின்று, மூட்டையை எப்படி அடுக்குகிறார்கள், தண்ணீர் படாமல் அடியில் என்ன போட்டிருக்கிறார்கள் என்று பக்கத்து ஆளிடம் கேட்டுக்கொண்டே வந்தார். நாங்கள் 40,500 ரூபாய் கொடுத்துத் தேடியது அங்கே இருந்தது.

மதுரைக்கு வந்து ஆபீஸுக்குப் போனால், "சீசன்ல இப்படித்தான்க்கா, 2,000 ரூபா வாங்கிக்கங்க" என்றார்கள். வாங்கவில்லை. அதன் பிறகு என் நம்பரை பிளாக் செய்துவிட்டார்கள். 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதிந்தேன். பதில் வராததால் பதிவுத் தபாலில் நோட்டீஸ் அனுப்பிவிட்டு, மதுரை மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் மனு கொடுத்திருக்கிறோம். படகு கேரளாவில் இருக்கிறதே, அங்கே போய் வழக்குப் போட வேண்டுமோ என்று பயப்படாதீர்கள். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நாம் குடியிருக்கும் மாவட்டத்திலேயே மனு கொடுக்கலாம். கட்டிய தொகை 5 லட்சம் ரூபாய்க்குள் என்றால் மனுவுக்குக் கட்டணம் இல்லை. இரண்டு வருஷத்துக்குள் கொடுத்தால் போதும், வக்கீல் கட்டாயம் இல்லை.

இனி போகிறவர்கள் படகின் பெயரையும், கே.ஐ.வி. (KIV) என்று தொடங்கும் பதிவு எண்ணையும் கேட்டு, எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். பதிவான படகு என்றால் அந்த எண் படகின் மேலேயே எழுதியிருக்கும். அந்தப் படகில் நின்றுகொண்டு வீடியோ கால் போடச் சொல்லுங்கள். ஆல்பம் காட்டினால் நம்பாதீர்கள். ஏறும் நேரம், எத்தனை அறை, வேறு குடும்பம் ஏறுமா, ஏசி எப்போதிலிருந்து எப்போது வரை, இவை ரசீதில் இருக்க வேண்டும். நம்பர் தர முடியாது, போன பிறகுதான் தெரியும் என்றால் அவர் கையில் படகே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். பாதிப் பணத்தைப் படகில் ஏறி லைஃப் ஜாக்கெட்டைக் கையில் வாங்கிய பிறகு கொடுங்கள். ஆலப்புழையிலேயே மாவட்டச் சுற்றுலா மேம்பாட்டுக் கவுன்சில் அலுவலகம் படகுத்துறைப் பக்கம் இருக்கிறது. விசாரிக்க அது நல்ல இடம்.

நோட்டீஸ் போன பிறகு, தெரிந்தவர் ஒருவர் மூலமாக 10,000 ரூபாய்க்குப் பேசி முடிக்கலாம் என்று தூது வந்தது. முழுத் தொகையும் வேண்டும், படம் காட்டி விற்ற படகு தங்களுடையது இல்லை என்று எழுத்தில் தர வேண்டும் என்று சொல்லி அனுப்பிவிட்டோம். கோயம்புத்தூர்க் குடும்பமும் தங்கள் ஆல்பத்தையும் பணம் அனுப்பிய விவரத்தையும் எங்களுக்கு அனுப்பியிருக்கிறார்கள், அதையும் மனுவோடு சேர்த்தாயிற்று. மதுரையில் "நூறு வருஷத்து நெல்லுப் படகு" என்று இதே படங்களைக் காட்டி உங்களிடமும் யாராவது பணம் வாங்கியிருந்தால், அந்த வாட்ஸ்அப் உரையாடலையும் ஜிபே விவரத்தையும் அழித்துவிடாமல் எனக்குத் தகவல் அனுப்புங்கள்.