காதலியை மீட்க ஓடும் ரயில்: கிரிஃபித்தின் இரு குறும்படங்கள்

அமெரிக்க மௌனப்பட இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித் பயோகிராஃப் படநிறுவனத்துக்காக ஏறக்குறைய ஒரே கதையை இருமுறை எடுத்தார்: ‘தி லோன்டேல் ஆபரேட்டர்’ (1911), ‘தி கேர்ள் அண்ட் ஹெர் டிரஸ்ட்’ (1912). இரண்டிலும் ரயில் நிலையத் தந்திப் பெண், அவளை விரும்பும் ரயில்வே ஊழியன், பணத்துக்கு வரும் இரு திருடர்கள்.

முதல் படத்தின் பலம் படத்தொகுப்பு. பூட்டிய அறையில் தந்திப் பெண்ணாக வரும் பிளாஞ்ச் ஸ்வீட், கதவை உடைக்கும் திருடர்கள், பாய்ந்துவரும் எஞ்சின் மூன்றும் மாறிமாறி வந்து பதைபதைக்க வைக்கும். விளக்கை அணைத்து, ஸ்பேனரைத் துப்பாக்கிபோல நீட்டியே அவள் திருடர்களை மடக்குகிறாள். அந்த இருட்டைத் தருவது ஃபிலிமில் ஏற்றிய நீலச்சாயம்தான். சாயமில்லாத கறுப்பு வெள்ளைப் பிரதியில் அறை பட்டப்பகலாகத் தெரியும். திருடர்கள் ஏன் ஏமாந்தார்கள் என்றே புரியாது.

இரண்டாவதில் டோரதி பெர்னார்ட் சாவித்துவாரத்தில் தோட்டாவைச் செருகிச் சுத்தியலால் அடித்து வெடிக்கச் செய்கிறாள். பணப்பெட்டியோடு அவளும் திருடர்களின் டிராலியில் போக, எஞ்சின் துரத்துகிறது. கேமராவும் தண்டவாளத்தை ஒட்டிக் கூடவே பாய்கிறது. துரத்தலும் காதலும் இதில்தான் அழகு. ஒன்றுதான் பார்க்க முடியுமென்றால் இதைப் பாருங்கள்.

இரண்டுமே ஒரு ரீல், அதாவது சுமார் 1,000 அடி. நொடிக்கு 16 ஃபிரேம் என்றால் ஏறத்தாழ 17 நிமிடம் ஓடும். 24 ஃபிரேமில் ஓட்டிய பிரதி 11 நிமிடத்தில் முடியும். நடிப்பு கோமாளித்தனமாகிவிடும், தவிர்த்துவிடுங்கள்.