பணிநீக்க மேன்முறையீடு எழுதித் தரும் தட்டச்சு நிலையம்: எங்கள் அனுபவம்

பதினேழு ஆண்டுகள் கற்பித்த எனது அக்கா, ஒழுக்காற்று விசாரணையின் முடிவில் பணிநீக்கம் செய்யப்பட்டபோது, மேன்முறையீடு எழுதுவதற்கு நாங்கள் தேடிச் சென்றது திருகோணமலை பேருந்து நிலையத்திலிருந்து நடந்துபோகும் தூரத்தில், ஓய்வுபெற்ற பிரதம இலிகிதர் ஒருவர் நடத்தும் தட்டச்சு நிலையத்தைத்தான். வாசலில் நின்ற மான் ஒன்று அக்காவின் கோவையை முகர்ந்து பார்த்தது. "கடதாசியைக் கண்டால் விடாது, உள்ளே வாங்கோ ரீச்சர்" என்றார் அவர்.

அவர் கேட்ட முதற் கேள்வியே எங்களுக்குப் பெரிதும் உதவியது: தேசியப் பாடசாலையா, மாகாணப் பாடசாலையா? மத்திய பொதுச் சேவை ஆணைக்குழுவின் கட்டளைகளுக்கு எதிரான மேன்முறையீடுகளை விசாரிக்கும் நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்கு எழுதும்படி வேறொருவர் சொல்லியிருந்தார். அக்கா மாகாணப் பாடசாலை ஆசிரியர் என்பதால், 1987 ஆம் ஆண்டின் 42 ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டத்தின்படி மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழுவின் பணிநீக்கக் கட்டளையை மாற்றவோ இரத்துச் செய்யவோ அதிகாரமுடைய ஆளுநருக்கே எழுத வேண்டும் என்று அவர் விளக்கினார். உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுவுக்கான ஒரு மாத காலம் கடந்துவிட்டதையும் மறைக்காமற் சொன்னார். மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை (அதிகாரிகளின் முடிவை இரத்துச் செய்வது போன்ற நீதிமன்றக் கட்டளை) கோருவதாயின் சட்டத்தரணியிடமே போக வேண்டும், அதைத் தான் தொடுவதில்லை என்றார்.

நாங்கள் எழுதிக்கொண்டுபோன நான்கு பக்கங்களில் வங்கிக் கடனும் பிள்ளைகளின் படிப்பும் அம்மாவின் நோயுமே நிறைந்திருந்தன. "இது கருணை மனு ரீச்சர், மேன்முறையீடு வேற" என்று அதை ஒதுக்கிவிட்டு, குற்றப்பத்திரிகையை வரி வரியாக வாசித்தார். முதலாவது குற்றச்சாட்டில் சம்பவம் நடந்த திகதியே இல்லை. ஆரம்ப விசாரணையில் பெறப்பட்ட வாக்குமூலங்களின் பிரதிகளை அக்கா எழுத்தில் கேட்டும் வழங்கப்படவில்லை. அதற்கான பதிவுத் தபால் பற்றுச்சீட்டு, மை மங்கி, அக்காவின் பாடக்குறிப்பேட்டின் இடையிலிருந்து கிடைத்தது. ஆரம்ப விசாரணையை நடத்தியவரே தண்டனையைப் பரிந்துரைத்தவர்களிலும் இருந்தார் என்பதை நாங்கள் கவனித்திருக்கவேயில்லை. விசாரணைக் குறிப்புகளைப் பெறுவதற்கு, 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழான விண்ணப்பத்தையும் 200 ரூபாவுக்கு நிரப்பித் தந்தார். பதினான்கு வேலை நாட்களுக்குள் தீர்மானம் தரப்பட வேண்டும் என்பதால் நாட்காட்டியில் அந்தத் திகதியைச் சுற்றி வட்டமும் போட்டார்.

பின்னர் இலக்கமிட்ட பந்திகளாக, ஒவ்வொன்றுக்கும் ஓர் இணைப்புடன், ஆறு பக்கங்களில் மேன்முறையீடு தயாரானது. நான் சேர்க்கச் சொன்ன "அநியாயமான" என்ற சொல்லைச் சிவப்புப் பென்சிலால் எல்லா இடங்களிலும் வெட்டினார். "திகதியைப் போடுங்கோ தம்பி, வாசிக்கிறவருக்கு விளங்கும்" என்றார். அக்கா தன் பக்க விளக்கத்தை நேரில் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும் என்ற கோரிக்கையைக் கடைசியில் தனிப் பந்தியாக வைத்தார்.

குறைகளும் இருக்கின்றன. முன்னெச்சரிக்கைக்கென்று சிங்கள மொழிபெயர்ப்பையும் சேர்க்கச் சொன்னார். அதை வெளியாரிடம் கொடுத்ததால் ஒன்பது நாட்கள் தாமதமானதுடன், பணிநீக்கம் என்பது பதவி விலகல் என்று மாறி வந்தது. அக்காவின் பழைய சகபாடி வாசித்திருக்காவிட்டால் அப்படியே போயிருக்கும். எழுதுகூலி 4,500 ரூபா என்று முதலிலேயே சொன்னவர், மொழிபெயர்ப்புக்கான 3,000 ரூபாவைக் கடைசி நாளில்தான் சொன்னார். வடக்கிலும் கிழக்கிலும் தமிழும் நிர்வாக மொழி என்று அரசியலமைப்பு சொல்லும்போது அந்தப் பணத்தைக் கொடுத்தது இன்னமும் எனக்கு உறுத்துகிறது. போட்டோப்பிரதிகளும் மங்கலாகவே இருந்தன. இணைப்புகளை வேறு கடையில் எடுப்பது நல்லது.

மேன்முறையீடு கிடைத்ததை உறுதிப்படுத்தும் கடிதம் மூன்று வாரங்களில் வந்தது. நேரில் விளக்கமளிக்க அழைப்பு இன்னும் வரவில்லை. வரும் என்று அவரும் வாக்குக் கொடுக்கவில்லை. வெள்ளிக்கிழமை பிற்பகலில் நிலையம் மூடியிருக்கும். போகிறவர்கள் கட்டளைக் கடிதத்தை அது வந்த தபாலுறையோடு கொண்டுபோக வேண்டும், ஏனெனில் கடிதம் கிடைத்த திகதியை அவர் அந்த முத்திரையிலிருந்துதான் கணக்கிடுகிறார்.