வேல்ஸில் எந்த இடிந்த கோட்டைக்குப் போவது?

ஒரு நாள்தான் கையில் இருக்கிறது என்றால் கேர்ஃபிலியா, காஸ்டெல் அ பெரெயா?

கட்டியவர்: கேர்ஃபிலியை ஆங்கிலேயப் பிரபு கில்பர்ட் டி கிளேர் 1268-இல் தொடங்கினார், வேல்ஸ் இளவரசர் லிவெலின் அப் கிரிஃபித்தைத் தடுக்க. பெரெயை 1221-இல் தொடங்கியவரோ அந்த இளவரசரின் தாத்தா, 'மகா லிவெலின்' எனப்படும் இன்னொரு லிவெலின்.

போவது: கேர்ஃபிலிக்குக் கார்டிஃபிலிருந்து ரயில் உண்டு. பெரெக்குக் கார் இருந்தால்தான் சரிப்படும்.

செலவு: கேர்ஃபிலிக்கு டிக்கெட். பெரெ இலவசம்.

மிச்சம் இருப்பது: கேர்ஃபிலியைச் சுற்றி ஏரிபோல் அகழி. தென்கிழக்குக் கோபுரம் பைசா கோபுரத்தைவிட அதிகமாகச் சாய்ந்தபடி, இன்றும் விழாமல் நிற்கிறது. ஆனால் சுவர்களில் கணிசமான பகுதி பிற்காலத்தில் சீரமைத்தது. பெரெயில் பாறை முகட்டில் புல் மண்டிய தாழ்ந்த சுவர்கள்தான். முன்பக்கம் மட்டும் வளைந்த கோபுரத்தின் அடித்தளத்தில் நின்று பார்த்தால் தெரியும், இது வேல்ஸ்காரர்களே கட்டிய பாணி. 1283-இல் இங்கிலாந்து மன்னர் முதலாம் எட்வர்டின் படையிடம் வீழ்ந்தது. வேல்ஸ்காரர்களின் 1294 கிளர்ச்சிக்குப் பிறகு கைவிட்டுவிட்டார்கள்.

குழந்தைகளோடு போனால் கேர்ஃபிலி. வேல்ஸின் சொந்த வரலாறு வேண்டுமென்றால் பெரெ. என் ஓட்டு அதற்குத்தான்.