சாட்சிப் பாதுகாப்பு மனு போட்டாயிற்று என்ற வாய்வார்த்தையை நம்பாதீர்கள்

என் தம்பி வெட்டப்பட்ட வழக்கில் நானும் என் அம்மாவும் நேரில் பார்த்த சாட்சிகள். முதல் எதிரியின் (முதலாவதாகக் குற்றம் சாட்டப்பட்டவரின்) மீது அதற்கு முன்பே நான்கு வழக்குகள் நிலுவையில் இருந்தன. அவர் சிறையில் இருந்த நாட்களில் நீதிமன்ற வளாகத்தில் ஒருவர் எங்களிடம் வந்து பேசினார். தம்மை ஒரு வழக்கறிஞரின் உதவியாளர் என்று சொல்லிக்கொண்ட அவர், எதிரியின் பிணை மனுவை எதிர்த்து, எங்கள் தரப்பையும் கேட்கும்படி கோரும் இடையீட்டு மனுவும், எங்கள் குடும்பத்துக்குச் சாட்சிப் பாதுகாப்பு மனுவும் தாக்கல் செய்து தருவதாகக் கூறி, இரண்டு தவணைகளில் 35,000 ரூபாய் பெற்றுக்கொண்டார். இரண்டு மனுக்களுமே தாக்கலாகவில்லை. இதே நிலையில் இருக்கும் வேறு குடும்பங்கள் ஏமாந்துவிடக் கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

அந்த நபர் பேசியதில் பாதி உண்மை கலந்திருந்ததுதான் எங்களை மயக்கியது. நான்கு வழக்குகள் உள்ளவருக்குச் சட்டப்படி பிணையே கிடைக்காது என்றார். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 480ஆம் பிரிவு முன் குற்றங்களைப் பற்றிப் பேசுவது உண்மைதான். ஆனால் அங்கே கணக்கில் வருபவை முன்பு பெற்ற தண்டனைகளே தவிர, நிலுவையில் இருக்கும் வழக்குகள் அல்ல. அதுவும் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்கு விதிக்கப்பட்ட கட்டுப்பாடு. அமர்வு நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும் 483ஆம் பிரிவின் கீழ் தம் விருப்புரிமையைப் பயன்படுத்திப் பிணை வழங்கலாம். பிணை மறுத்தாலும் கவலையில்லை, எதிரியைக் குண்டர் சட்டத்தில் அடைக்க ஏற்பாடு செய்கிறேன் என்றும் அவர் சொன்னார். மாவட்ட ஆட்சியரோ காவல் ஆணையரோ பிறப்பிக்க வேண்டிய தடுப்புக் காவல் ஆணையை வளாகத்தில் நிற்கும் ஒருவர் எப்படி வாங்கித் தர முடியும் என்று அப்போது நாங்கள் யோசிக்கவில்லை.

மனு எண்ணைக் கேட்டபோதெல்லாம், அது ரகசிய மனு என்பதால் எண்ணே தர மாட்டார்கள் என்றார். சாட்சிப் பாதுகாப்பு விசாரணை ரகசியமாக நடைபெறுவது உண்மை. ஆனால் மனு கொடுத்தவருக்கே அதன் ஒப்புகை மறுக்கப்படுவதில்லை என்பதை ஆறு வாரம் கழித்தே அறிந்தோம்.

ஒரு நாள் காலை எதிரி எங்கள் தெரு வழியாக நடந்து போவதைப் பார்த்துவிட்டு அம்மா உள்ளே வந்து கதவைத் தாழிட்டார். "மனு போட்டாச்சுன்னு சொன்னியேப்பா?" என்று மட்டும் என்னிடம் கேட்டார். பிணை உத்தரவின் நகலை வாங்கிப் படித்தபோது இரண்டு செய்திகள் தெரிந்தன. பிணை மனுவுக்குக் காவல்துறை தந்த பதிலில் நான்கு முன் வழக்குகளுக்குப் பதிலாக ஒன்று மட்டுமே சொல்லப்பட்டிருந்தது. அதைத் திருத்த எங்கள் தரப்பில் யாரும் ஆஜராகவில்லை. உள்ளூர்க் காவல் நிலையத்தில் தினமும் காலை 10.30 மணிக்குக் கையெழுத்திட வேண்டும் என்பது நிபந்தனை. அந்தக் காவல் நிலையத்துக்குப் போகும் வழியில்தான் எங்கள் வீடு இருக்கிறது. சாட்சிகளின் பாதுகாப்புக்காக விதிக்கப்பட்ட நிபந்தனையே எதிரியை நாள்தோறும் சாட்சிகளின் வாசலுக்குக் கொண்டுவந்து சேர்த்தது. இதில் நீதிபதியைக் குறைசொல்ல எனக்கு மனமில்லை. எங்கள் வீடு எங்கே இருக்கிறது என்பதை அவரிடம் யாரும் சொல்லவில்லை.

பிணையே கூடாது என்று நான் வாதிடவில்லை. பிணையே விதி, சிறை விதிவிலக்கு என்ற கோட்பாட்டை உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர் 1977இல் வலியுறுத்தினார். தண்டிக்கப்படாத ஒருவரை வருடக்கணக்கில் அடைத்து வைப்பது அநீதி என்பதையும் ஏற்கிறேன். ஆனால் அதே உச்ச நீதிமன்றம், எதிரியின் குற்றப் பின்னணியைக் கருத்தில் கொள்ளாமல் வழங்கப்பட்ட பிணையை 2014இல் நீரு யாதவ் வழக்கில் ரத்து செய்திருக்கிறது. பாதிக்கப்பட்டவருக்கு வழக்கின் ஒவ்வொரு கட்டத்திலும் தம் தரப்பைச் சொல்லும் உரிமை உண்டு என்று 2022இல் ஜக்ஜீத் சிங் வழக்கில் தீர்ப்பளித்தது. அந்த உரிமையைத்தான் நாங்கள் பணம் கொடுத்து ஓர் ஏமாற்றுக்காரரிடம் ஒப்படைத்திருந்தோம்.

உண்மையான வழிமுறை அவ்வளவு கடினமானதல்ல. 2018ஆம் ஆண்டின் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தை உச்ச நீதிமன்றம் அதே ஆண்டு டிசம்பர் 5ஆம் தேதி மகேந்தர் சாவ்லா வழக்கில் ஏற்று, நாடு முழுவதும் சட்டமாகவே பின்பற்றப்பட வேண்டும் என்று உத்தரவிட்டது. ஒவ்வொரு மாவட்டத்திலும் மாவட்ட அமர்வு நீதிபதியின் தலைமையில் ஒரு குழு இருக்கிறது. மாவட்டக் காவல்துறைத் தலைவர் அதன் உறுப்பினர், அரசுத் தரப்பு வழக்கு நடத்தும் துறையின் மாவட்டத் தலைவர் உறுப்பினர் செயலர். மனுவை அந்தச் செயலர் வழியாகக் கொடுக்க வேண்டும். மனு வந்ததும் காவல் துணைக் கண்காணிப்பாளர் ஐந்து வேலை நாட்களுக்குள் அச்சுறுத்தல் ஆய்வறிக்கை தர வேண்டும். அவசரமானால் அறிக்கை வருவதற்கு முன்பே இடைக்காலப் பாதுகாப்பு வழங்கலாம். வீட்டருகே ரோந்து, நீதிமன்றத்துக்குக் காவலுடன் பயணம், எதிரியை நேருக்கு நேர் பார்க்காமல் காணொலி வழியாகச் சாட்சியம் என்று பல ஏற்பாடுகள் அதில் உண்டு. பாதுகாப்பு ஒரு தடவைக்கு மூன்று மாதங்களுக்கு மேல் தரப்படுவதில்லை என்பதால், தொடர்ந்து வேண்டுமானால் கெடு முடிவதற்குள் மீண்டும் கேட்டாக வேண்டும். செலவைச் சாட்சிப் பாதுகாப்பு நிதி ஏற்கும். பெண்களுக்கு வருமான வரம்பின்றி மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞரை அமர்த்தித் தருகிறது. அம்மாவின் பெயரில் நாங்கள் முதல் நாளே அங்கே போயிருக்கலாம்.

மிரட்டல் வந்தால் உடனே எழுத்து மூலமாகப் புகார் கொடுங்கள். பொய்ச்சாட்சி சொல்லும்படி ஒருவரை மிரட்டுவது பாரதிய நியாய சன்ஹிதா என்ற தண்டனைச் சட்டத்தின் 232ஆம் பிரிவின்படி ஏழு ஆண்டுகள் வரை சிறைத்தண்டனைக்குரிய குற்றம். இதற்கு நீதிமன்றம்தான் புகார் தர வேண்டும் என்று காவல் நிலையத்தில் எங்களைத் திருப்பி அனுப்பினார்கள். இதற்கு இணையான பழைய இந்திய தண்டனைச் சட்டப் பிரிவின் கீழ் காவல்துறையே நேரடியாக வழக்குப் பதிவு செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் 2025 அக்டோபரில் தெளிவுபடுத்தியிருக்கிறது. குற்றப்பத்திரிகைக்கான கெடுவையும் எண்ணிக்கொண்டிருங்கள். கொலை முயற்சி போன்ற வழக்குகளில் 90 நாட்களுக்குள் அது தாக்கலாகாவிட்டால், எத்தனை முன் வழக்குகள் இருந்தாலும் எதிரி பிணையை உரிமையாகவே கேட்கலாம்.

இலவச வழக்கறிஞர் கிடைத்த பிறகு, நான்கு முன் வழக்குகளின் முதல் தகவல் அறிக்கை எண்களையும் எங்கள் வீட்டின் இருப்பிடத்தையும் மனுவில் எழுதிக் கொடுத்தோம். எதிரி வேறு ஊர்க் காவல் நிலையத்தில் கையெழுத்திடும்படி நிபந்தனை மாற்றப்பட்டது. இரவு ரோந்தும் வருகிறது. பிணையை ரத்து செய்யக் கோரும் மனு நிலுவையில் உள்ளது. பணம் திரும்பி வரவில்லை. ஏமாற்றியவர் மீது புகார் கொடுத்திருக்கிறோம். ஆனாலும் சென்ற வாரம் அவர் அதே வளாகத்தில் வேறொரு குடும்பத்துடன் பேசிக்கொண்டிருந்ததைப் பார்த்தேன். உங்களிடமும் யாராவது இப்படி வந்தால், தாக்கல் செய்த மனுவின் எண்ணையும் ஒப்புகைச் சீட்டையும் அன்றைக்கே கேளுங்கள். தரத் தயங்கினால் மறுநாள் வரை காத்திருக்காமல் அரசு வழக்கறிஞர் அலுவலகத்துக்கு நீங்களே நேரில் செல்லுங்கள்.